கிறிஸ்துமஸ் பாட்டு கேட்ட மேனேஜர்... மறுத்த டைரக்டர்! எல்விஸை மீட்டெடுத்த டி.வி. ஷோ

டி.வி. இசை நிகழ்ச்சியில் பாடுபவரை எல்லோருக்கும் தெரியும். எந்த நொடியில் எந்த கேமரா யாரைக் காட்ட வேண்டும் என்று கன்ட்ரோல் ரூமில் இருந்து சொல்லும் டைரக்டரை எத்தனை பேருக்குத் தெரியும்? அமெரிக்காவின் ஸ்டீவ் பைண்டர் அப்படிப்பட்ட ஒருவர். 1968-ல் என்.பி.சி. சேனலுக்காக அவர் இயக்கிய இரண்டு நிகழ்ச்சிகள் இன்றுவரை பேசப்படுகின்றன.

கையைத் தொட்டது குற்றமா?

முதலாவது, பிரிட்டிஷ் பாடகி பெட்டுலா கிளார்க்கின் ஸ்பெஷல். போருக்கு எதிரான ஒரு பாட்டைப் பாடும்போது, உடன் பாடிய கறுப்பினப் பாடகர் ஹாரி பெலஃபான்டேவின் கையைப் பிடித்தார் பெட்டுலா. ஸ்பான்சரான கார் நிறுவனத்தின் விளம்பர அதிகாரி பதறிவிட்டார். வெள்ளைக்காரப் பெண் கறுப்பினத்தவரைத் தொடுவதை டி.வி-யில் காட்டக் கூடாதாம்! இருவரும் தள்ளி நிற்கும் வேறு டேக்கைப் போடச் சொன்னார்.

பெட்டுலாவும் பைண்டரும் மசியவில்லை. மற்ற டேக்குகள் அழிக்கப்பட்டன. அந்தக் காட்சி அப்படியே ஒளிபரப்பானது.

குத்துச்சண்டை மேடை போல...

அடுத்தது எல்விஸ் பிரெஸ்லி. சினிமா சினிமா என்று ஓடியதில், ரசிகர்கள் முன்னால் மேடையேறி அவருக்கு ஏழு ஆண்டுகள் ஆகியிருந்தன. ஸ்பான்சர், நம் வீடுகளிலும் புழங்கிய அதே சிங்கர் தையல் மெஷின் கம்பெனி! மேனேஜர் டாம் பார்க்கர், கிறிஸ்துமஸ் பாடல்கள் போதும் என்றார். பைண்டருக்கோ பழைய எல்விஸைக் காட்டிவிட வேண்டும் என்று ஆசை.

ஒத்திகை முடிந்ததும் எல்விஸ் நண்பர்களோடு டிரெஸ்ஸிங் ரூமில் கிட்டாரும் சிரிப்புமாகப் பாடிக்கொண்டிருப்பார். அதைத்தான் படம்பிடிக்க நினைத்தார் பைண்டர். அனுமதி கிடைக்கவில்லை. குத்துச்சண்டை மேடை போல ஒரு சின்ன மேடை போட்டு, சுற்றிலும் ரசிகர்களை உட்காரவைத்து, அதே கச்சேரியை அங்கே நடத்தினார். கறுப்பு லெதர் உடையில் வியர்வை வழிய எல்விஸ் பாடியது 1968 ஜூனில் பதிவானது.

கடைசிப் பாட்டிலும் இழுபறிதான். மார்ட்டின் லூதர் கிங்கின் கொலை எல்விஸை மிகவும் பாதித்திருந்தது. அந்த ஜூன் மாதமே ராபர்ட் கென்னடியும் சுட்டுக்கொல்லப்பட்டார். அந்த வலியைச் சொல்லும்படி ஏர்ல் பிரௌனிடம் புதிய பாட்டு கேட்டார் பைண்டர். ‘இஃப் ஐ கேன் ட்ரீம்’ பிறந்தது. டிசம்பர் 3-ல் வெள்ளை உடையில் எல்விஸ் அதைப் பாடியபடி நிகழ்ச்சி நிறைவடைந்தது. அடுத்த ஆண்டே லாஸ் வேகஸ் மேடைக்குத் திரும்பினார் எல்விஸ்.

இரண்டு நிகழ்ச்சிகளிலும் டைரக்டர் தலையாட்டியிருந்தால் வேலை சுலபமாக முடிந்திருக்கும். ஆனால், இன்று நாம் பேச ஒன்றும் மிஞ்சியிருக்காது. அடுத்த பண்டிகை ஸ்பெஷலில், கடைசியாக ஓடும் பெயர்களில் ‘இயக்கம்’ என்ற வரியையும் கொஞ்சம் கவனியுங்கள்!