கைதியாக வந்த தளபதி
உதயகிரிக் கோட்டை, புலியூர்க்குறிச்சி

இந்தச் சிதைந்த சிற்றாலயத்தில் அடக்கமாகியிருப்பவர் யூஸ்டாச்சியஸ் டிலனாய். டச்சு கிழக்கிந்தியக் கம்பெனி வீரராக வந்து, 1741 குளச்சல் போரில் திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்டவர்மாவின் படையிடம் சிக்கியவர். பின்பு அதே மன்னரின் படைக்கே ஆசான் ஆனார்.

நாயர் வீரர்களுக்கு ஐரோப்பிய முறையில் அணிவகுப்பும் துப்பாக்கிப் பயிற்சியும் தந்தார். இக்கோட்டையைக் கருங்கல்லால் வலுப்படுத்தி, உள்ளேயே பீரங்கி வார்க்கும் உலையும் அமைத்தார். படிப்படியாக உயர்ந்து, தலைமைத் தளபதியான ‘வலிய கப்பித்தான்’ ஆனார்.

அவர் பழக்கிய படை திருவிதாங்கூரைக் காத்தது. காயங்குளம், அம்பலப்புழை போன்ற அண்டை அரசுகளை விழுங்கவும் செய்தது. திருவிதாங்கூருக்கு அவர் நாட்டைக் கட்டியவர். வீழ்ந்த அரசுகளுக்கு அவர் படையெடுத்து வந்த அந்நியர். டச்சுக் கம்பெனிக்கோ, எதிரியின் பக்கம் போன ஆள்.

நட்டாலத்தைச் சேர்ந்த நீலகண்டபிள்ளைக்குக் கிறிஸ்தவத்தை அறிமுகம் செய்தவரும் இவரே. 1745-இல் தேவசகாயம் என்ற பெயரில் திருமுழுக்குப் பெற்ற அவர், 1752-இல் ஆரல்வாய்மொழி காற்றாடிமலையில் திருவிதாங்கூர் அரசின் வீரர்களால் சுட்டுக் கொல்லப்பட்டார். டிலனாய் அதன் பின்னும் அதே அரசின் தளபதியாக நீடித்தார். தேவசகாயத்துக்கு 2022-இல் புனிதர் பட்டம் வழங்கப்பட்டது.

டிலனாய் 1777-இல் காலமானார். அவரது கல்லறை வாசகம் லத்தீனிலும் தமிழிலும் பொறிக்கப்பட்டுள்ளது. மனைவியும், களக்காட்டுப் போரில் மாண்ட மகன் யோகன்னசும் அருகிலேயே அடக்கம் செய்யப்பட்டுள்ளனர்.