சாலஞ்சர்: முன்னிரவில் எழுந்த எச்சரிக்கை

1986 சனவரி 28 அன்று புளோரிடாவிலிருந்து எழுந்த சாலஞ்சர் விண்வெளி ஓடம் 73 நொடிகளில் வானிலேயே சிதறியது. பள்ளி ஆசிரியை கிறிஸ்டா மெக்காலிஃப் உள்ளிட்ட எழுவரும் மாண்டனர். வலப்புறத் திண்ம எரிபொருள் ராக்கெட்டின் இணைப்பை அடைத்திருந்த ரப்பர் வளையங்கள் கடுங்குளிரில் விறைத்து, அனல்வாயுவைக் கசியவிட்டதே காரணம். இதனை வெறும் விபத்தென்று கூற நமக்கு மனம் வரவில்லை. ராக்கெட்டைச் செய்த நிறுவனத்தின் பொறியாளர்கள், 12 பாகை செல்சியசுக்குக் கீழான குளிரில் ஏவலாகாதென முன்னிரவே வாதாடினர். நாசாவின் நெருக்குதலுக்கு இணங்கிய மேலாளர்கள் அதனைப் புறந்தள்ளினர். பின்னர் விசாரணையில், இயற்பியலறிஞர் ஃபைன்மன் அவ்வளையத் துண்டொன்றைப் பனிநீரில் அமிழ்த்தி, அது மீள்திறன் இழப்பதைக் காட்டினார். ஒரு குவளை நீரே போதுமாயிருந்தது! இணைப்பு திருத்தப்பெற்று, 1988 செப்டம்பரில் ஓடங்கள் மீண்டும் பறந்தன. 2003-இல் கொலம்பியா எழுவருடன் சிதைந்தது. அதன் இறக்கையின் பழுதை ஆராயப் பொறியாளர்கள் வேண்டிய படங்களை எடுக்க மேலிடம் இசைந்திருக்கவில்லை.