நிழற்கூத்தும் காமன் கூத்தும்

புதிய பொழுதுபோக்குகள் வந்துற்ற இடமெல்லாம் பழைய கூத்துகள் அழிந்துபடும் என்பர். இக்கூற்று எத்துணை உண்மையுடையது என்பதை, இந்தோனேசிய நிழற்கூத்தையும் நம் மலையகத்துக் காமன் கூத்தையும் ஒப்பிட்டு நோக்குவாம்.

யாவாத் தீவினர் ‘வாயாங் கூலித்’ என வழங்கும் தோற்பாவை நிழற்கூத்து, பாரத இராமாயணக் கதைகளை விடியுமளவும் நிகழ்த்துவது. பாவைகளை ஆட்டுவோனும், அவற்றுக்காகப் பேசுவோனும், இசைக்குழுவை நடத்துவோனும் ‘டாலாங்’ எனப்படும் ஒருவனே. வியாச பாரதத்திற் காணப்படாத செமார், காரெங், பெத்ருக், பாகோங் என்னும் ஏவலர் நால்வர் இடையிரவில் தோன்றி நகையாடுவர். நாட்டு நடப்பும் ஆள்வோர் குறையும் அவர் வாயிலாகவே அரங்கேறும். 1970களில் ரோமா இராமா புகழ்பெறச் செய்த ‘டங்டுட்’ இசை, இந்தித் திரைப்பாடல்களின் சாயலும் கலந்தது. அவ்விசையும் இக்கோமாளிப் பகுதியிற் புகுந்தது. ஆண்டுப் புதுமை கூத்தைக் கொல்லவில்லை, கூத்தினுள்ளேயே இடம்பெற்றது. 2003இல் யுனெஸ்கோ இக்கலையை மானிட மரபுச் செல்வமாக அறிவித்தது.

இனி மலையகத்தை நோக்குவோம். மாசித் திங்களில் அட்டன், நுவரெலியாப் பகுதித் தோட்டங்களில் கம்பம் ஊன்றிக் காமன் கூத்தைத் தொடங்குவர். தப்பு முழங்க, மன்மதனும் இரதியும் ஆடுவர். நெற்றிக்கண்ணாற் காமன் எரிதலும், இரதி புலம்பிக் கணவனுயிரை இரந்து பெறுதலுமே கதை. வேடம் புனைவோர் தோட்டத் தொழிலாளரே.

இலங்கை வானொலி திரைப்பாடல்களை லயந்தோறும் கொணர்ந்தது. 1975இல் வி. பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ தோட்ட வாழ்வையே திரையேற்றியது. ஆயினும், காமன் கூத்து மாய்ந்திலது. எனவே, திரைப்படத்தை அதன் பகைவன் எனல் பொருந்தாது.

மெய்யான இடர் யாது? யாவாவில் டாலாங் பயிற்சி குடிவழியாக மட்டுமன்றி, கலைக் கல்லூரிகளிலும் முறையாக அளிக்கப்படுகிறது. நம் கூத்தோ, மூத்தோர் நாவிலும் காலிலுமே பெரிதும் தங்கியுள்ளது. பாட்டறிந்த முதியவர் மறைய, இளைஞர் தொழில் தேடிக் கொழும்பு செல்ல, கற்பிப்போனும் கற்போனும் சந்திக்கும் களமே குன்றுகிறது. கொடுப்பார் இருந்தும் கொள்வார் இன்றேல் எக்கலையும் நில்லாது.

சி. வி. வேலுப்பிள்ளை மலைநாட்டுப் பாடல்களைத் தொகுத்து நமக்கு வழிகாட்டினார். விடுமுறையில் தோட்டம் மீளும் மாணவர், பாட்டுகளை எழுதிக்கொள்வதோடு அமையாது, தாமும் வேடம் பூண்டு ஆடுவாராக. ஏட்டிற் கிடக்கும் கூத்து சான்று மட்டுமே. ஆடப்படும் கூத்தே கலை.