எந்த ஆட்டக்காரன் ஆவது?

ஹொக்கி என்றவுடன் நம் வாசகர்களுட் பெரும்பாலோருக்குப் புற்றரையும் வளைந்த மட்டையுமே நினைவுக்கு வரும். நாம் இங்கே எழுதப் புகுந்த ஹொக்கியோ பனிக்கட்டித் தளத்தில், சறுக்குக் காலணி அணிந்து, றப்பர் வட்டு ஒன்றை அடித்து ஆடப்படுவது. அதுவும் மெய்யான தளமன்று. எமது வீட்டுத் தொலைக்காட்சித் திரையில் தோன்றிய தளம். வெளியே சோளகக் காற்றில் வேலியோரத்து வாழையிலைகள் கிழிந்துகொண்டிருக்க, விறாந்தையில் பனித்தளம்! இணுவிலுக்கும் பனிக்கட்டிக்கும் உள்ள உறவு சர்பத்துக் குவளையோடு முடிந்துவிடுவது என்பதை நேயர்கள் அறிவார்கள்.

இந்தப் பனியைக் கொண்டுவந்தவன் ரொறன்ரோவிலிருந்து விடுமுறைக்கு வந்த எமது பேரன். வயது பதின்மூன்று. அவன் வந்து சேருமுன்னரே எமது மகன் தொலைபேசியில் ஒரு செய்தி கூறியிருந்தான். சிறுவர் அணியொன்றில் இரண்டாண்டுகளாக முன்வரிசையில் ஆடிவந்த பையனைப் பயிற்றுநர் பின்வரிசைக்கு மாற்றிவிட்டாராம். வரும் பனிகாலத்தில் மட்டையையே தொடமாட்டேன் என்று பிள்ளை ஒற்றைக்காலில் நிற்கிறானாம். பயிற்றுநர் செய்தது சரியோ பிழையோ, அத்தனை கடல்களுக்கு இப்பால் இருந்துகொண்டு தீர்ப்புக் கூறுதல் எமக்கு அழகன்று. ஆகவே அதைப்பற்றி நாம் அவனிடம் வாய் திறக்கவில்லை.

அவன் கொண்டுவந்த விளையாட்டு 'என்.எச்.எல்.' என்னும் வரிசையைச் சேர்ந்தது. அவ்வரிசை 1991ஆம் ஆண்டில் தொடங்கியது. 2008இல் வெளிவந்த பதிப்பிலே 'பி எ புரோ' என்னும் பகுதி புகுத்தப்பட்டது. அணி முழுவதையும் ஆட்டுவிப்பதை விடுத்து, ஒரேயோர் ஆட்டக்காரனைப் படைத்து, அவனுடைய வாழ்வை மட்டும் நடத்திச் செல்வதே அப்பகுதியின் புதுமை. பெயர், உயரம், நிறை, எந்தக் கைப்பழக்கம் என்பவற்றையெல்லாம் நாமே வகுக்கலாம். அதன்பின் திரை ஒரு கேள்வி கேட்கிறது: நீ எத்தகைய ஆட்டக்காரன்?

குறிபார்த்துக் கோல் அடிப்பவன் 'ஸ்னைப்பர்'. பிறருக்கு வட்டை வகையறிந்து வழங்குபவன் 'பிளேமேக்கர்'. உடல்வலியால் இடித்துப் புகுபவன் 'பவர் போர்வேர்ட்'. முன்னே தாக்கவும் பின்னே காக்கவும் வல்லவன் 'ரூ வே'. மூலைகளில் மல்லுக்கட்டி வட்டைப் பறிப்பவன் 'கிரைண்டர்'. பின்வரிசைக்காரருக்கும் கோல் காப்பாளருக்கும் வேறு வகைகள் உண்டு.

பேரன் கணமும் தயங்காமல் ஸ்னைப்பரைத் தெரிந்தான். மெய்யில் எமது தோளுக்கு எட்டாத பையன் திரையில் ஆறடி மூன்றங்குலம்!

ஆட்டம் தொடங்கியது. அவனோ எதிரியின் கோலுக்கு முன்னே போய் நின்றுகொண்டு, "தா, தா" என்று பொத்தானை அமுக்கி வட்டைக் கேட்டபடி இருந்தான். இடையிடையே பயிற்றுநர் அவனை வாங்கில் இருத்துவார்; மெய்யாட்டத்திலும் ஒருவன் தளத்தில் நிற்பது ஒருமுறைக்கு ஏறத்தாழ முக்கால் நிமிடமே. ஈற்றில் இரண்டு கோல்கள் போட்டான். ஆனால் திரை அவனுக்கு ஓரிடத்தில் 'டி' என்று மதிப்பிட்டது.

"கோல் போட்டனான்தானே அப்பப்பா, பிறகேன் டி?"

மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாசித்துப் பார்த்தோம். மதிப்பீடு மூன்று வகைப்பட்டது. கோல் முதலிய எண்ணிக்கை ஒன்று. கூட்டாக ஆடுதல் ஒன்று. தன் இடத்தில் நிற்றல் ஒன்று. மூன்றாவதிலேதான் பிள்ளை தவறியிருந்தான்.

"உனக்கு வட்டைத் தந்தது ஆர்?" என்றோம்.

"அது கொம்பியூட்டர்."

எமக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆயினும் அன்றிரவு கைத்தொலைபேசியில் இவ்வாட்டத்தைப்பற்றித் தேடி வாசித்தோம். வாசிக்க வாசிக்க வியப்பே மிகுந்தது. 1979 முதல் 1999 வரை ஆடிய வெயின் கிறெற்ஸ்கி 894 கோல்கள் போட்டவர். அலெக்சாண்டர் ஒவெச்கின் 2025 ஏப்பிரலில் 895ஆவது கோலைப் போட்டு அதனை முறியடித்துவிட்டார். ஆனால் பிறர் கோல் போடுவதற்குக் கிறெற்ஸ்கி வழங்கிய துணைகள் 1,963. எண்ணிக்கையில் அவருக்கு அடுத்த நிலையிலுள்ள யாரொமிர் யாகர் கோலும் துணையும் சேர்த்துப் பெற்ற மொத்தமே 1,921தான். கொடுத்த கைக்கு அவ்வளவு உயரம்.

பின்வரிசையின் கதை இன்னும் சுவையானது. பொஸ்ரன் அணியின் பொபி ஓர் பின்வரிசைக்காரர். அவர் 1970இலும் 1975இலும் முழு லீக்கிலும் மிகக்கூடிய புள்ளிகளைப் பெற்றவராய் விளங்கினார். பின்வரிசையில் நின்று அவ்வாறு செய்தவர் வேறு எவருமில்லர். நம் காலத்துக் கேல் மக்காரும் பின்வரிசைக்காரரே. 2024-25 பருவத்தில் 30 கோல்கள் போட்டவர். மறுநாட் காலை இடியப்பத்துக்கு முன்னால் இவற்றைச் சொன்னோம். மக்காரைப் பேரன் அறிவான், ஓரை அறியான். "பின்னால நிண்டோ?" என்று இருமுறை கேட்டான்.

அன்று மாலை கோயிலில் தவில் முழங்கியது. இணுவிலிற் பிறந்த தவில் மேதை தெட்சணாமூர்த்தியைப்பற்றி (1933-1975) அவனுக்குச் சொல்ல நேர்ந்தது. நாதசுரமே முன்னிற்பது, தவில் அதற்குப் பக்கத்துணை. அந்தத் தவிலைக் கேட்பதற்கென்றே ஈழத்திலும் தமிழகத்திலும் மக்கள் திரண்டார்கள். பேரன் மறுமொழி கூறாமல் தவிற்காரரின் விரல்களையே பார்த்து நின்றான்.

இவ்விளையாட்டை வாங்கிக் கொடுக்கும் பெற்றோர்க்கு எம் கருத்தொன்று. புதிதாக ஆடுபவன் ஸ்னைப்பராகத் தொடங்கினால் பிறர் வட்டுத் தரும்வரை காத்திருந்தே சலித்துப்போவான். 'ரூ வே' ஆகத் தொடங்கினால் தளம் முழுவதும் அவனுக்கு வேலையிருக்கும், ஆட்டமும் விளங்கும். நிறையைக் கூட்டினால் மோதலில் வலிமை, விரைவிற் குறைவு என்பதையும் நினைவிற் கொள்ளவேண்டும். சண்டைக்கென்றே 'என்போர்ஸர்' என்றொரு வகையுண்டு. மெய்யான லீக்கிலேயே அத்தகையோர் அருகிவிட்டனர். பிள்ளைகள் அதனைத் தெரியாதிருத்தல் நன்று.

புறப்படுவதற்கு இரண்டு நாள் முன்பு பேரன் ஆறடி மூன்றங்குலத்தானை அழித்துவிட்டுப் புதியவன் ஒருவனைப் படைத்தான். உயரம் குறைந்தது. இடம், பின்வரிசை. சட்டையின் முதுகில் எழுதிய பெயர், இணுவில். இலக்கம் நான்கு, அது ஓர் அணிந்த இலக்கம் என்பதைத் தானாகவே தேடியறிந்திருக்கிறான். இணுவில் என்ற பெயர் வர்ணனையாளருக்குத் தெரியாதாகையால், "நான்காம் இலக்கம்" என்றே அவர் அவனை அழைத்துக்கொண்டிருந்தார். முதலாட்டத்தில் கோல் ஒன்றுமில்லை. தன் இடத்தில் நின்றதற்கு 'பி'.

பனிகாலத்தைப்பற்றி அவனும் பேசவில்லை, நாமும் கேட்கவில்லை. அன்றிரவு தகப்பனோடு தொலைபேசியிற் கதைத்தது மட்டும் எமது அறைக்குக் கேட்டது:

"அப்பா, பழைய ஸ்கேற்ஸ் எனக்குச் சிறுத்துப்போச்சு. புதுசு எடுக்க வேணும்."