குங்குமச் சந்தை: அறிக்கை எழுதுமுன்

கழுகுமலைக் கழுகாசலமூர்த்தி கோயிலில் பங்குனி உத்திரத்திற்குக் கூடும் கூட்டத்தைக் கண்டவர்கள், குங்குமம் விலை போகுமா என்று ஐயுறமாட்டார்கள். ஆயினும் கூட்டம் வேறு, சந்தை வேறு. அங்கத்தினர் குடும்பத்துப் பெண்கள் மஞ்சள் குங்குமம் தயாரித்து விற்கலாமா என்று முடிவு செய்யுமுன், சந்தை அறிக்கை ஒன்று அவசியம் என்பது நமது அபிப்பிராயம்.

முதலில் சரக்கையே பிரித்தறிய வேண்டும். மஞ்சளை எலுமிச்சைச் சாறு, படிகாரம், வெண்காரம் சேர்த்து ஊறவைத்து, உலர்த்தி, இடித்துச் சலித்தது ஒரு வகை. ஏதோ ஒரு மாவில் செயற்கைச் சாயம் ஏற்றியது மற்றொன்று. கடையில் இரண்டிற்கும் பெயர் குங்குமமே. பின்னது மலிவு, நிறமும் பளிச்சென்றிருக்கும். மஞ்சளில் செய்ததோ சற்று அடங்கிய சிவப்பு. ஆகவே விலையை விசாரிக்குமுன், வாங்குவோர் கண்ணுக்கு எது குங்குமமாகப் படுகிறது என்று விசாரிக்க வேண்டும். சாயத்தின் குணத்தை நெசவாளருக்கு நாம் சொல்லித் தர வேண்டியதில்லை. சேலையில் பட்ட கறை துவைத்தால் போகிறதா என்பதை அவர்களே சோதித்துச் சொல்லட்டும்.

அர்ச்சனைத் தட்டுக்கு வாங்குவோர் வேறு, அன்றாடம் நெற்றிக்கு இடுவோர் வேறு. பின்னவர்களுள் பலர் ஒட்டும் பொட்டுக்கு மாறிவிட்டனர்.

மஞ்சள் நமது மானாவாரிக் கரிசலில் விளையும் பொருளன்று. ஏறத்தாழ ஒன்பது மாதம் நீர்ப்பாய்ச்சல் கேட்கும் பயிர். ஈரோட்டுச் சந்தையில்தான் கொள்முதல் செய்ய வேண்டும். அதன் விலை 2023ஆம் ஆண்டில் விறுவிறுவென ஏறியதை மறந்துவிடலாகாது. மூலப்பொருள் வெளியூர்ச் சரக்கு என்பதால் மட்டும் தொழில் கெடாது. 2020இல் புவிசார் குறியீடு பெற்ற கோவில்பட்டிக் கடலை மிட்டாய்க்கும் வெல்லம் தேனிப் பக்கத்திலிருந்தே வருகிறது.

எல்லாவற்றிலும் பெரிய விஷயம் ஈயம். அமெரிக்காவில் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தார் நியூ ஜெர்சிக் கடைகளிலும் இந்தியாவிலும் வாங்கிய 118 சிந்தூர மாதிரிகளைச் சோதித்து 2017இல் முடிவை வெளியிட்டனர். பெரும்பாலானவற்றில் ஈயம் இருந்தது. குழந்தைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுப்பது அது. நமது நாட்டு விதிப்படி அழகுப் பொருளில் பத்து லட்சத்தில் 20 பங்குக்கு மேல் ஈயம் இருக்கலாகாது. குங்குமப் பொடிக்கென்றே ஐ.எஸ். 10999 என்ற தர அளவும் உண்டு. மஞ்சளில் செய்தது என்பதாலேயே நமது சரக்கு சுத்தம் என்று கூறிவிட முடியாது. மஞ்சளிலும் ஈயம் கலந்த நிறமேற்றிகள் சேர்ப்போர் உண்டு. எனவே சோதனைக் கட்டணத்தையும் அடக்க விலையில் சேர்த்தே கணக்கிட வேண்டும்.

விழா நாட்களில் மட்டும் விற்பனையைக் கணக்கெடுத்தால் தொகை ஊதிக் காணப்படும். ஆடி, மார்கழி மாதங்களிலும், விசேஷமற்ற ஒரு மாதத்திலும் அதே கடைகளில் மீண்டும் விசாரித்த பிறகே அறிக்கையைப் பொதுக்குழுவின் முன் வைப்பது நலம்.