காணி போனபின் கடன் எங்கே போகும்?

கண்டியிலிருந்து மஹியங்கனை செல்லும் பெருவழியில் திகனையைக் கடந்தால் விக்டோரியா நீர்த்தேக்கம் கண்ணுக்குப் புலனாகும். 1985ஆம் ஆண்டு திறந்து வைக்கப்பட்ட அந்த அணைக்காகப் பழைய தெல்தெனிய நகரம் தண்ணீருக்குள் போயிற்று. கடுங்கோடையில் நீர் வற்றும்போது பழைய கட்டடங்களின் எச்சங்கள் தலைகாட்டுவதுண்டு. அவற்றை வேடிக்கை பார்க்கச் சென்றுவந்த மாணவர் ஒருவர் நம்மிடம், "ஈடு வைத்த காணியும் மூழ்கியிருக்குமல்லவா? அந்தக் கடன் என்னவாகும்?" என்று வினவினார். நல்ல வினாதான்.

பொதுத் தேவைக்காக அரசு தனியார் நிலத்தை எடுப்பது 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டத்தின்படியாகும். நிலம் அரசுக்குச் சொந்தமாகும்போது எல்லாப் பொறுப்புகளிலிருந்தும் நீங்கியே சொந்தமாகிறது. ஆகவே ஈட்டுக்காரர் அந்நிலத்தைத் தொடர இயலாது. ஆனால் அவர் வெறுங்கையராகவும் விடப்படவில்லை. நிலத்தில் உரித்துடையோர் யாவர் என்று கூறுமிடத்து, உரிமையாளர், கூட்டுரிமையாளர், குத்தகைக்காரர் ஆகியோருடன் ஈட்டுக்காரரையும் சட்டம் சேர்த்தே சொல்லுகிறது. மண்ணைப் பற்றியிருந்த அவரது உரிமை, இனி நட்டஈட்டுப் பணத்தைப் பற்றுகிறது எனலாம். மாத வாடகைக்காரருக்கோ அந்தச் சட்டம் இடமளிக்கவில்லை. உறுதியே இல்லாமல் லயத்தில் தலைமுறைகளைக் கழித்த நம் மலையக மக்களின் நிலையை இங்கே நினையாதிருக்க முடியவில்லை.

உரித்துக் கோரி எழுத்தில் விண்ணப்பிக்குமாறு முதலில் அறிவித்தல் வரும். விசாரணையின் பின், மொத்த நட்டஈடு எவ்வளவு, அது யார் யாருக்கு எந்த விகிதத்தில் என்று தீர்ப்பாகும். உரித்தைப் பற்றிப் பிணக்கு எழுந்தால் விடயம் நீதிமன்றத்துக்கு அனுப்பப்படும். வாங்க மறுப்பவர், இறந்தவர் ஆகியோருக்குரிய பணமும் நீதிமன்றத்திலேயே கட்டப்படும்.

ஒரு கணக்கைப் பார்ப்போம். அண்ணனுக்கும் தம்பிக்கும் சரிபாதியான காணிக்கு 40 இலட்சம் ரூபா நட்டஈடு என்று கொள்வோம். தம்பி மட்டும் தன் பாதியை ஈடு வைத்திருக்கிறார். முதலாம் ஈட்டில் 15 இலட்சமும் இரண்டாம் ஈட்டில் 8 இலட்சமும் நிலுவை. அண்ணனின் 20 இலட்சத்தை எவரும் தொட முடியாது. தம்பியின் 20 இலட்சத்தில் முதல்வருக்கு 15 போக, எஞ்சிய 5 இரண்டாமவருக்கு. தம்பியின் கையில் ஒன்றுமில்லை; அதற்கு மேலும் 3 இலட்சம் அவர் தலையில் சொந்தக் கடனாக நிற்கும். நிலத்தோடு கடனும் தீர்ந்தது என்று நிம்மதி கொள்வோர் இதையே காணத் தவறுகின்றனர்.

யார் முதல்வர் என்பதைப் பெரும்பாலும் தீர்மானிப்பது காணிப் பதிவகமே. 1927ஆம் ஆண்டின் ஆவணப் பதிவுக் கட்டளைச் சட்டம் பதிவுக்கு முதன்மை தருகிறது. முந்தி எழுதிய உறுதியைப் பெட்டியில் பூட்டி வைத்தவர், பிந்தி எழுதி முந்திப் பதிந்தவருக்குப் பின்னால் நிற்க நேரிடலாம்.

கைமாற்றாகக் கொடுத்தவரும் கடைக்கணக்கு வைத்திருப்பவரும் இவ்வரிசையில் இல்லை. அவர்கள் வழக்காடித் தீர்ப்புப் பெற்ற பின்னரே, கடனாளிக்குரிய பணத்தை நீதிமன்றத்தின் மூலம் கைப்பற்ற முயலலாம். அதற்குள் பணம் செலவாகிவிட்டால் அவர்பாடு சங்கடந்தான்.

பெறுவது வட்டிக்கா, முதலுக்கா? வேறு உடன்பாடு இல்லையெனில் வட்டிக்கே முதலிடம். மீதியே முதலைக் குறைக்கும். நிலுவை வட்டி முதலை விஞ்சலாகாது என்பது நம் நாட்டுக்கு ஒல்லாந்தர் வழியே வந்த உரோமன் டச்சுச் சட்டத்தின் நெறி. எனினும் வங்கிகளுக்குத் தனிச் சட்டங்கள் உண்டு.

காணியில் ஒரு பகுதியை மட்டும் வீதிக்காக எடுத்திருந்தால், மிஞ்சிய துண்டின்மேல் ஈடு அப்படியே இருக்கும். பணம் கொடுத்தவுடன் பற்றுச்சீட்டு வாங்கி, கடன் முற்றாகத் தீர்ந்திருப்பின் நொத்தாரிசைக் கொண்டு ஈட்டு நீக்க உறுதி எழுதுவித்துப் பதிந்துகொள்ள வேண்டும். இல்லையேல், பேரப்பிள்ளைகள் காணியை விற்கப் போகும் நாளில், என்றோ தீர்த்த கடன் பதிவேட்டில் அப்படியே எழுந்து நிற்கும்.