சைக்கிள் சக்கரத்தின் குண்டுகள்: பேணும் முறையும் மாற்றும் முறையும்

சங்கத்திலிருந்து நூற்கட்டு நெசவாளர் இல்லத்துக்கு வருவதும், நெய்து முடித்த துணி சங்கத்துக்குத் திரும்புவதும், தோட்டத்துக் கீரையும் வாழையிலையும் விடியற்காலையில் சந்தையை அடைவதும் இன்றும் பல ஊர்களில் சைக்கிளின் துணையால்தான் நடைபெறுகின்றன. மோட்டார் வாகனங்கள் பெருகிவிட்ட இக்காலத்திலும், எரிபொருட் செலவு இல்லாத இவ்வண்டியை நம்பி வாழும் குடும்பங்கள் பல உள்ளன. அத்தகைய வண்டியின் டயரையும் டியூபையும் நாம் கவனிக்கிறோம். சங்கிலிக்கு எண்ணெய் இடுகிறோம். ஆனால், பாரம் முழுவதையும் தாங்கிச் சுழலும் சக்கரத்தின் உள்ளே இருக்கும் எஃகுக் குண்டுகளைப் பற்றி நினைப்பவர் மிகச் சிலரே. அவை கண்ணுக்குத் தெரிவதில்லை. கரகரவென்று ஓசை எழுந்த பிறகு நினைத்துப் பார்க்கும்போது, சில ரூபாயில் முடிந்திருக்க வேண்டிய வேலை, ஹப் முழுவதையும் மாற்றி, சக்கரத்துக்குக் கம்பி கோக்கும் கூலியையும் கொடுக்கும் அளவுக்கு வளர்ந்துவிடுகிறது.

நாம் இங்கே கூறப்போவதன் சாரம் இதுவே: குண்டுகள் ஓடித் தேய்வதைக் காட்டிலும், அழுக்காலும் நீராலும் தவறான முறுக்காலும் கெடுவதே அதிகம். இம்மூன்றையும் தடுப்பது நம் கையிலேயே இருக்கிறது.

அமைப்பு

மாட்டுவண்டிச் சக்கரத்தில் குடம் என்று வழங்கும் நடுப்பகுதியே சைக்கிளில் ஹப் எனப்படுகிறது. ஹப்பின் இரு முனைகளிலும் கிண்ணம் போல் குழிந்த எஃகு வளையங்கள் அழுத்திப் பதிக்கப்பட்டுள்ளன. இவற்றைக் கப் என்பர். ஹப்பின் ஊடே செல்லும் அச்சின் மரையில், இருபுறமும் கூம்பு வடிவான கோன்கள் உள்ளன. கப்புக்கும் கோனுக்கும் இடையேயுள்ள வட்டப் பாதையில் குண்டுகள் வரிசையாக நிற்கின்றன. கடைகளில் பால்ஸ் என்று கேட்டால் கொடுப்பது இவற்றையே. நம் நாட்டுச் சாதாரண சைக்கிள்களில், முன்சக்கரத்தில் பக்கத்துக்குப் பத்தாக 3/16 அங்குலக் குண்டுகளும், பின்சக்கரத்தில் பக்கத்துக்கு ஒன்பதாக 1/4 அங்குலக் குண்டுகளும் இருப்பது வழக்கம்.

மாட்டுவண்டியில் அச்சின்மேல் குடம் உராய்ந்தே சுழலும். அதனால்தான் நம் முன்னோர் வைக்கோற் கரியை விளக்கெண்ணெயில் குழைத்து வண்டி மையாக இட்டனர். சைக்கிளில் உராய்வுக்குப் பதிலாகக் குண்டுகள் உருளுகின்றன. உருள்வதற்கு மிகக் குறைந்த பலமே போதும். சைக்கிளுக்குரிய இவ்வமைப்புக்கு 1869ஆம் ஆண்டில் பிரான்ஸ் தேசத்தைச் சேர்ந்த ஜூல் சூரிரே என்பவர் காப்புரிமை பெற்றார்.

குண்டுகளின் வரலாற்றில் நெசவுத் தொழிலுக்கும் ஓர் இடம் உண்டு. சுவீடன் நாட்டுக் கோதன்பர்க் நகரில் ஒரு நெசவாலையின் யந்திரங்களைப் பராமரித்து வந்தவர் ஸ்வென் விங்குவிஸ்ட். களிமண் நிலத்தில் அமைந்த அவ்வாலையின் கட்டடம் சிறிது சிறிதாக அமிழ்ந்ததால், யந்திரங்களை ஓட்டும் நீண்ட தண்டுகள் நேர்கோட்டிலிருந்து விலகின. பேரிங்குகள் அடிக்கடி உடைந்தன. தண்டு சற்றுச் சாய்ந்தாலும் தானும் சாய்ந்து ஈடுகொடுக்கும் குண்டுப் பேரிங்கை அவர் 1907இல் உருவாக்கினார். அதே ஆண்டில் தோன்றியதே எஸ்.கே.எஃப். என்னும் நிறுவனம்.

எங்கே தேய்கிறது?

சக்கரம் சுழலும்போது கப் சுழலுகிறது. கோன் அச்சோடு நிலையாக நிற்கிறது. ஓட்டுபவரின் எடையும் சுமையும் அச்சின் வழியே கீழ்நோக்கி அழுத்துவதால், எந்நேரமும் கோனின் அடிப்பக்கத்திலுள்ள சில குண்டுகளே பாரத்தைத் தாங்குகின்றன. கப்பின் தேய்மானம் வட்டம் முழுவதும் பகிரப்பட, கோனில் அது ஒரே இடத்தில் விழுகிறது. ஆகவே பெரும்பாலும் முதலில் குழி விழுவது கோனில்தான். இது நமக்கு நன்மையே. கோன் எளிதில் கழற்றி மாற்றத்தக்கது, கப் அவ்வாறன்று. கோனில் விழுந்த குழியைக் கவனியாமல் விட்டால், அதிலிருந்து உதிரும் எஃகுத் துகள் கப்பையும் அரித்துவிடும்.

அறிகுறிகள்

முன்சக்கரத்தைத் தரையிலிருந்து தூக்கி மெல்லச் சுழற்றி, மற்றொரு கையைப் போர்க்கின்மேல் வைத்துப் பாருங்கள். கரகரப்பு கையில் தெரிந்தால் உள்ளே மணலோ குழியோ இருக்கிறது. நின்றுபோகும் தறுவாயில் சக்கரம் ஊஞ்சல்போல் முன்னும் பின்னும் ஆடி அடங்கினால் நலம். சட்டென்று நின்றால் கோன் இறுகியுள்ளது என்று அறியலாம். பிறகு ரிம்மைப் பிடித்துப் பக்கவாட்டில் அசைத்துப் பாருங்கள். லொடலொடவென்று ஆடினால் கோன் தளர்ந்துள்ளது. அச்சின் வெளி நட்டு தளர்ந்திருந்தாலும் இவ்வாறே ஆடுமாதலால், முதலில் அதை இறுக்கிப் பார்த்துவிட்டே முடிவு செய்தல் வேண்டும்.

கழற்றுதல்

விரித்த சாக்கின்மேல் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்திச் சக்கரத்தைக் கழற்றுக. வாஷர், நட்டு ஆகியவற்றைக் கழற்றிய வரிசையிலேயே ஒரு கழிவு நூலில் கோத்து வைத்தால், திரும்பப் பூட்டும்போது குழப்பம் நேராது. அச்சின் ஒரு பக்கத்துக் கோனைத் தொடாமல் விட்டு, மறுபக்கத்து நட்டையும் கோனையும் மட்டும் எடுத்தால் போதும். பின்சக்கரமாயின், பல்சக்கரம் இல்லாத இடப்பக்கத்தைக் கழற்றுவதே எளிது. கீழே ஒரு தட்டில் வெள்ளைத் துணியை விரித்து, அதன்மேல் அச்சை மெதுவாக உருவுங்கள். உதிரும் குண்டு ஒன்றும் தவறாது. ஒவ்வொரு பக்கத்துக் குண்டுகளையும் தனித்தனியே எண்ணிக் குறித்துக்கொள்க.

எல்லாவற்றையும் மண்ணெண்ணெயிலோ டீசலிலோ கழுவி, உலர்ந்த துணியால் துடைக்க வேண்டும். இவ்வேலையை அடுப்பும் விளக்கும் இல்லாத இடத்தில் செய்க. டயரின்மேலும் பிரேக் கட்டையின்மேலும் எண்ணெய் படலாகாது. கழுவிய எண்ணெய் சிறிது தங்கினாலும் புதிய கிரீஸை இளக்கிவிடும். ஆகவே ஈரம் அறத் துடைப்பது அவசியம்.

சோதித்தலும் மாற்றுதலும்

நல்ல குண்டு கண்ணாடிபோல் மின்னும். மங்கியோ புள்ளி விழுந்தோ இருந்தால் அது கெட்டது. கோனின் பாதையில் பால்பேனாவின் முனையை வைத்து மெல்ல இழுத்துப் பாருங்கள். கண்ணுக்குத் தெரியாத குழியிலும் முனை தட்டும். தட்டினால் கோனை மாற்றுக. பழைய கோனைக் கடைக்குக் கொண்டுசென்று, மரையும் வடிவும் ஒத்ததையே வாங்குக. அச்சைச் சமமான கண்ணாடித் தட்டின்மேல் உருட்டிப் பார்த்தால் வளைவும் தெரியும். கேரியரில் மிகுந்த சுமை ஏற்றும் வண்டிகளில் பின்அச்சு வளைவது உண்டு. வளைந்த அச்சில் கோனை எப்படித் திருத்தினாலும் சக்கரம் ஓரிடத்தில் இறுகி, மற்றோரிடத்தில் தளரும்.

இங்கே ஒரு தவறான சிக்கனத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். கெட்ட குண்டுகள் ஒன்றிரண்டை மட்டும் எடுத்துவிட்டுப் புதியவற்றைச் சேர்ப்போர் உளர். ஓடிய குண்டுகள் யாவும் மயிரிழை அளவு தேய்ந்திருக்கும். அவற்றின் நடுவே புகும் புதிய குண்டு சற்றே பெரிதாகையால், பலர் தூக்க வேண்டிய பாரம் அது ஒன்றின்மேலேயே விழும்; விரைவில் அது வெடிக்கும், கோனும் சிதையும். ஒரு குண்டு கெட்டாலும் இருபக்கத்துக் குண்டுகளையும் ஒருசேர மாற்றுவதே உண்மையான சிக்கனம். ஒரு சக்கரத்துக்கு வேண்டிய குண்டுகளின் விலை, ஹப்பின் விலையோடு நோக்க அற்பமே.

பூட்டுதல்

கப்பில் கிரீஸை ஏறக்குறையப் பாதியளவு பூசி, குண்டுகளை ஒவ்வொன்றாகப் பதித்து, மேலும் சிறிது கிரீஸ் இடுக. முன்பு வேலை செய்தவர் ஒன்றைத் தவறவிட்டிருக்கக்கூடும் என்பதால், எண்ணிக்கையை இவ்வாறு சரிபார்க்கலாம்: வட்டம் நிறைய அடுக்கி, அதில் ஒன்றை எடுத்துவிட வேண்டும். நெருக்கி அடுக்கினால் குண்டுகள் ஒன்றோடொன்று உராயும். கிரீஸுக்குப் பதிலாகத் தேங்காயெண்ணெய் முதலிய சமையல் எண்ணெய்களை இடுவது கூடாது. அவை நாளடைவில் பிசினாகி இறுகும்.

அச்சைச் செருகி, கோனைக் கையாலேயே குண்டைத் தொடும்வரை திருகி, பிறகு கால் சுற்று பின்னுக்குத் தளர்த்துக. கோனை மெல்லிய கோன் ஸ்பானரால் அசையாமல் பிடித்துக்கொண்டு, வெளிப்புற நட்டை அதன்மேல் இறுக்குக. இறுக்கும்போது கோனும் சிறிது உள்ளே நகரும். அதற்காகவே முன்கூட்டித் தளர்த்தியது. அச்சை இருவிரலால் சுழற்றினால் கரகரப்பின்றிச் சுழல வேண்டும், ஆட்டமும் தெரியலாகாது. முதல் முறையே சரியாக அமைவது அரிது. இரண்டு மூன்று முறை திருத்தப் பொறுமை வேண்டும். வண்டியில் பூட்டிய பின்னும் ஒருமுறை சோதிக்க மறவாதீர்.

மூடிய பேரிங்குகள்

புதுவகைச் சைக்கிள்கள் சிலவற்றிலும், சிறுவர்கள் காலால் உந்தி ஓட்டும் ஸ்கூட்டர்களிலும் குண்டுகள் தனியே இரா. மூடிய பேரிங்காகவே வரும். கால் ஸ்கூட்டர்களில் பெரும்பாலும் காணப்படுவது 608 என்னும் எண்ணுடையது: உள்துளை 8, வெளிவிட்டம் 22, அகலம் 7 மில்லிமீட்டர். இதில் முறுக்கைத் திருத்த வழியில்லை. கரகரத்தால் இரண்டையும் ஒருசேர மாற்ற வேண்டியதே. புதியதைப் பதிக்கும்போது வெளிவளையத்தை மட்டுமே அழுத்துக. உள்வளையத்தில் தட்டினால் அவ்வதிர்ச்சி குண்டுகளின் வழியே சென்று பாதையில் குழி விழும். இரு பேரிங்குகளுக்கும் இடையேயுள்ள சிறு குழாயை மறந்துவிட்டால், நட்டை இறுக்கும்போது பேரிங்குகள் பக்கவாட்டில் நசுங்கும்.

எப்பொழுது செய்வது?

ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்து, சேறு உலர்ந்த பிறகு ஆண்டுக்கு ஒருமுறை இவ்வேலையைச் செய்வது முறை. நாள்தோறும் சுமை ஏற்றும் வண்டியின் பின்சக்கரத்துக்கு ஆறு மாதத்துக்கு ஒருமுறை வேண்டும். வண்டியைக் கழுவும்போது குழாய் நீரை ஹப்பின்மேல் நேராகப் பீய்ச்ச வேண்டாம். ஓசை கேட்கிறதென்று மண்ணெண்ணெயை ஹப்பினுள் ஊற்றுவதும் தீது. ஓசை அன்று அடங்கும், கிரீஸும் கரைந்தோடும்.

இவ்வேலைக்குத் தேவையான கருவிகளில் வீடுகளில் இல்லாதது கோன் ஸ்பானர் ஒன்றே. ஆண்டில் ஓரிரு முறை மட்டும் பயன்படும் அதை ஒவ்வொருவரும் வாங்குவது வீண். முன்சக்கரத்துக்கும் பின்சக்கரத்துக்கும் பொருந்தும் ஸ்பானர்களும், ஒரு டப்பா கிரீஸும் சங்கக் கட்டடத்தில் பொதுவில் இருக்கட்டும். எடுப்பவர் பதிவேட்டில் கையெழுத்திட்டு எடுத்துச் செல்லட்டும். வேலை அறிந்த அங்கத்தினர் ஒருவர், ஒரு விடுமுறை நாளில் நால்வருக்குக் கற்றுக்கொடுத்தால், அடுத்த ஆண்டு அந்நால்வரும் மற்றவர்க்குக் கற்பிப்பர். அடுத்த பொதுக்குழுவில் இதற்கொரு சிறு தொகையை ஒதுக்குமாறு சங்கங்களைக் கேட்டுக்கொள்கிறோம்.